சித்தியின் மாத வருமானம்

வக்கீல் குமாஸ்தா கேட்டது எளிமையான கேள்விதான். "தம்பி, இறந்தவங்களுக்கு என்ன தொழில்? மாசம் என்ன வருமானம்?"

2012 தை மாதம். பொறியியல் முடித்து பெங்களூரில் வேலைக்குச் சேர்ந்து ஆறேழு மாதம் ஆகியிருந்தது. பொங்கலுக்கு ஊருக்கு வந்தவன், காரியம் முடியும் வரை தங்கிவிட்டேன். வீட்டில் கம்ப்யூட்டர் தெரிந்தவன் நான்தான் என்பதால் வழக்குக்கான தாள்களைத் தொகுக்கும் வேலை என்னிடம் வந்தது. ஒரு எக்செல் கோப்பு திறந்தேன். பெயர், வயது 38, விபத்து நாள், எஃப்.ஐ.ஆர். எண். எல்லாம் நிரம்பியது. "தொழில்" என்ற கட்டத்தில் "வீட்டு வேலை" என்று அடித்தேன். "மாத வருமானம்" என்ற கட்டத்தில் யோசிக்காமல் பூஜ்ஜியம் போட்டேன்.

அந்தப் பூஜ்ஜியத்தைப் பற்றித்தான் இந்தக் கட்டுரை.

கீரமங்கலம் புதுக்கோட்டை மாவட்டம் ஆலங்குடி வட்டத்தில் இருக்கிறது. தென்னையும் பலாவும் வாழையும் உண்டு என்றாலும் வெளியூர்க்காரர்களுக்கு எங்கள் ஊர் என்றால் பூதான். மல்லிகை, முல்லை, கனகாம்பரம், சம்பங்கி, சென்டி எல்லாம் விடியும் முன்பே பறித்துக் கமிஷன் கடைகளுக்கு வந்துவிடும். சித்தி மூன்று மணிக்கு எழுந்து, தலையில் பேட்டரி லைட்டைக் கட்டிக்கொண்டு கொல்லையில் இறங்குவாள். எங்கள் பூ முடிந்ததும் பக்கத்துக் கொல்லையில் கிலோக் கூலிக்குப் பறிப்பாள். மதியத்துக்கு மேல் திண்ணையில் உட்கார்ந்து முழக்கணக்கில் பூக்கட்டிக் கொடுப்பாள். இடையில் இரண்டு மாடு, இரண்டு பிள்ளைகள், சித்தப்பா, அப்பத்தா.

அன்றைக்குப் பனி. சித்தப்பாவின் டிவிஎஸ் ஃபிஃப்டியில் முன்னால் பூமூட்டை, பின்னால் சித்தி. பின்னாலிருந்து வந்த லாரி தட்டியது. சித்தப்பாவுக்குக் கை முறிந்தது. சித்தி ஆஸ்பத்திரிக்குப் போகிற வழியிலேயே போய்விட்டாள்.

கமிஷன் கடையின் துண்டுச்சீட்டுகள் ஒரு மஞ்சப்பை நிறைய இருந்தன. எல்லாம் சித்தப்பா பெயரில். பால் சொசைட்டிப் புத்தகமும் சித்தப்பா பெயரில். பக்கத்துக் கொல்லைக் கூலிக்கும் பூக்கட்டிய காசுக்கும் சீட்டே கிடையாது. சித்தி உழைத்தாள் என்பதற்கு ஊரே சாட்சி. தாள் மட்டும் இல்லை.

*

வேலை நிமித்தம் தரவுத்தளங்களோடு பழகுகிறவன் நான். அங்கே "நல்" என்று ஒன்று உண்டு. ஒரு கட்டத்துக்கான மதிப்பு நமக்குத் தெரியவில்லை, பதிவாகவில்லை என்று பொருள். பூஜ்ஜியம் வேறு. ஒருவருடைய சம்பளம் தெரியவில்லை என்பதும் அவருக்குச் சம்பளமே இல்லை என்பதும் ஒன்றல்ல. இரண்டையும் குழப்பிக்கொள்வது எங்கள் தொழிலில் புதிதாக வருகிறவர்கள் செய்கிற முதல் தப்பு. சித்தி விஷயத்தில் அதை நான் செய்தேன். பிறகு ஆர்வத்தில் விபத்து இழப்பீட்டுச் சட்டத்தின் வரலாற்றைப் படிக்க ஆரம்பித்தபோது, அந்தத் தப்பை எனக்கு இருநூறு வருடம் முன்பே நீதிமன்றங்கள் செய்யத் தொடங்கிவிட்டன என்று தெரிந்தது.

1808, இங்கிலாந்து. மதுக்கடை நடத்தும் ஒருவரும் அவர் மனைவியும் குதிரைக் கோச்சு வண்டியின் மேல்தளத்தில் பயணம் செய்கிறார்கள். வண்டி கவிழ்கிறது. கணவருக்குச் சிராய்ப்பு. மனைவி ஏறக்குறைய ஒரு மாதம் கழித்து ஆஸ்பத்திரியில் இறந்துபோகிறார். வழக்கில் கணவர் சொன்னவற்றில் ஒன்று, மனைவி தன் கடைத் தொழிலில் பெரிய துணையாக இருந்தார் என்பது. நீதிபதி எல்லன்பரோ பிரபு சொன்னது இதுதான்: ஒரு மனிதரின் மரணத்தை சிவில் நீதிமன்றத்தில் நட்டமாகக் காட்ட முடியாது. கணவரின் சொந்தக் காயத்துக்குப் பணம் உண்டு. மனைவி உயிரோடு கிடந்த அந்த ஒரு மாதத்தில் அவருடைய துணையை இழந்ததற்கும் உண்டு. அவர் இறந்த நொடியோடு கணக்கு முடிந்தது. நூறு பவுண்டு கொடுத்தார்கள்.

பேக்கர் எதிர் போல்ட்டன் என்ற இந்த வழக்கு சட்டக் கல்லூரிகளில் இன்றும் பாடம். இதன்படி ஒருவரைக் காயப்படுத்தினால் பணம் கட்ட வேண்டும். கொன்றுவிட்டால் அவர் குடும்பத்துக்கு எதுவும் தர வேண்டியதில்லை. முதலில் படித்தபோது எனக்கு வண்டியோ நீதிபதியோ மனத்தில் நிற்கவில்லை. கணவரின் தொழிலில் கூட நின்று உழைத்த, தன் பெயரில் தாள் எதுவும் இல்லாத அந்தப் பெண்தான் நின்றாள்.

மனிதருக்கு விலை வைக்காத அதே சட்டம் வண்டிக்கு விலை வைத்தது. "டியோடண்ட்" என்று ஒரு பழைய வழக்கம் அங்கே இருந்தது. கடவுளுக்குக் கொடுக்க வேண்டியது என்று பொருள். ஒரு பொருள் மனிதரைக் கொன்றால், அது மாடானாலும் வண்டிச் சக்கரமானாலும், அந்தப் பொருளோ அதன் மதிப்போ அரசுக்குச் சேர வேண்டும். செத்தவர் குடும்பத்துக்கு இல்லை, அரசுக்கு. ரயில் வந்தபோது இந்த வழக்கத்துக்குப் புது உயிர் வந்தது. 1841 கிறிஸ்துமஸுக்கு முந்தின நாள் சோனிங் என்ற இடத்தில் மண் சரிந்து ரயில் தடம் புரண்டது. லண்டனில் புது நாடாளுமன்றக் கட்டடத்தில் வேலை பார்த்துவிட்டு ஊருக்குத் திரும்பிக்கொண்டிருந்த கல்தச்சர்கள் பலர் அதில் இருந்தார்கள். ஒன்பது பேர் இறந்தார்கள். மரண விசாரணை ஜூரி எஞ்சின் மீதும் பெட்டிகள் மீதும் ஆயிரம் பவுண்டு டியோடண்ட் விதித்தது.

ரயில் கம்பெனிகள் பதறின. 1846-இல் நாடாளுமன்றம் ஒரே ஆண்டில் இரண்டு காரியம் செய்தது. டியோடண்டை ஒழித்தது. கூடவே கேம்ப்பெல் பிரபு கொண்டுவந்த சட்டத்தின் மூலம், கவனக்குறைவால் ஒருவர் இறந்தால் அவருடைய மனைவி, கணவர், பெற்றோர், பிள்ளைகள் நட்ட ஈடு கேட்கலாம் என்று ஆக்கியது. ஆனால் எதற்கான ஈடு? 1852-இல் ஒரு ரயில் விபத்து வழக்கில் நீதிமன்றம் அதற்கு எல்லை கட்டியது. துக்கத்துக்குப் பணம் கிடையாது, பண நட்டத்துக்கு மட்டும்தான் பணம். அதாவது செத்தவர் சம்பாதித்து வீட்டுக்குக் கொடுத்தது எவ்வளவு என்று காட்ட வேண்டும். என் எக்செல் கோப்பில் "மாத வருமானம்" என்ற கட்டம் வந்து உட்கார்ந்தது அங்கேதான்.

*

கேம்ப்பெல் சட்டத்தின் இந்தியப் பிரதி 1855-இல் வந்தது. அந்த ஆண்டின் 13-ஆவது சட்டம். மும்பையிலிருந்து தாணேவுக்கு ரயில் ஓடி இரண்டு வருடம் ஆகியிருந்தது. ராயபுரத்திலிருந்து தென்னிந்தியாவின் முதல் ரயில் கிளம்ப இன்னும் ஒரு வருடம் இருந்தது. எஞ்சினுக்கு முன்பே சட்டம் வந்து காத்திருந்தது என்று சொல்லலாம். ஆனால் வழக்குப் போட சிவில் கோர்ட்டுக்குப் போக வேண்டும், கேட்கிற தொகைக்கு ஏற்ப கோர்ட் கட்டணம் கட்ட வேண்டும், பிறகு வருடக்கணக்கில் நடக்க வேண்டும். செத்தவர் வீட்டில் அதற்கெல்லாம் யாரிடம் காசு இருக்கும்?

அந்தக் காலத்து வழக்கு எப்படிப் போகும் என்பதற்கு நம் பக்கத்திலேயே ஓர் உதாரணம் இருக்கிறது. 1947 செப்டம்பரில், சுதந்திரம் வந்து ஒரு மாதத்துக்குச் சற்று மேல் ஆகியிருந்த நேரத்தில், தாராபுரம் – பழனி தடத்தில் ஓடிய ஒரு தனியார் பேருந்து விபத்துக்குள்ளானது. அதில் பயணம் செய்த இளைஞர் ஒருவர் சில நாளில் இறந்தார். குடும்பம் 1855-ஆம் ஆண்டுச் சட்டத்தின் கீழ் வழக்குப் போட்டது. சப்-கோர்ட், சென்னை உயர் நீதிமன்றம் என்று நடந்து, டெல்லி உச்ச நீதிமன்றத்தில் முடிந்தது 1961-இல். நீதிபதி சுப்பா ராவ் எழுதிய தீர்ப்பு குடும்பத்துக்குச் சாதகமானதுதான். கோபால்ட் மோட்டார் சர்வீஸ் வழக்கு என்ற பெயரில் இன்றும் விபத்துத் தீர்ப்புகளில் அதை மேற்கோள் காட்டுகிறார்கள். இறந்தவரால் குடும்பத்துக்கு வந்திருக்கக்கூடிய வரவையும் மரணத்தால் கைக்கு வந்த பணத்தையும் எப்படித் தட்டிக்கழித்துப் பார்ப்பது என்பதற்கு அதுதான் இங்கே ஆரம்பப் பாடம். கணக்குச் சொல்லிக்கொடுத்த வழக்குக்குக் கணக்கு முடிய 14 வருடம் ஆனது.

சாலைக்கென்று தனிச் சட்டம் 1939-இல் வந்தது. வண்டிக்கு மூன்றாம் நபர் காப்பீடு கட்டாயம் என்ற பகுதி 1946 ஜூலை முதல் அமலானது. இது பெரிய மாற்றம். லாரி ஓனரிடம் பணம் இருக்கிறதா இல்லையா என்ற கேள்வி போய், பின்னால் ஒரு கம்பெனி வந்து நின்றது. 1956 திருத்தம் இதற்கென்றே தனித் தீர்ப்பாயங்களுக்கு வழி செய்தது. இன்று புதுக்கோட்டையிலோ அறந்தாங்கியிலோ கோர்ட் வாசலில் "எம்.சி.ஓ.பி. கேஸுக்கு வந்தேன்" என்று ஒருவர் சொன்னால் அந்த வரிசையில் வந்த வழக்குதான். சிவில் வழக்கின் பெரிய கட்டணம் இல்லை, முறைகளும் எளிது.

அப்போதும் குற்றம் யாருடையது என்று நிரூபிக்க வேண்டியிருந்தது. குற்றம் கண்டுபிடிப்பதற்குப் பேர்போன நக்கீரருக்கு எங்கள் ஊர் மெய்நின்றநாதர் கோயிலில் சிலை உண்டு. விபத்து வழக்கிலும் முதல் கேள்வி அவர் கேள்விதான். சாட்சி இல்லாத விடியற்கால ரோட்டில் அதற்கு யார் பதில் சொல்வது? 1982-இல்தான், குற்றம் யாருடையதானாலும் இறந்தவர் குடும்பத்துக்கு 15,000 ரூபாய் என்று சட்டம் சொன்னது. 1988-ஆம் ஆண்டின் புதுச் சட்டத்தில் அது 25,000 ஆகி, 1994-இல் 50,000 ஆனது.

*

1994 திருத்தம் இன்னொன்றையும் கொண்டுவந்தது. இரண்டாவது அட்டவணை. ஒரு பக்கம் வயது, ஒரு பக்கம் ஆண்டு வருமானம், சந்திக்கும் இடத்தில் தொகை. குற்றத்தை நிரூபிக்க வேண்டாம், அட்டவணையைப் பார்த்து வாங்கிக்கொள்ளலாம். ஒரு மென்பொருள்காரனாக இந்த யோசனை எனக்குப் பிடித்தது. ஆனால் நாட்டின் சட்டப் புத்தகத்தில் அச்சான அந்த அட்டவணையில் பெருக்கல் தப்பு இருந்தது. 1996-இல் உச்ச நீதிமன்றமே அதை எடுத்துக் காட்டியது. முதல் வரிசையில் பெருக்கெண் 15, ஆண்டு வருமானம் 3,000. பெருக்கினால் 45,000 வர வேண்டும். அச்சில் 60,000. அடுத்ததில் 16-ஐ 9,000-ஆல் பெருக்கினால் 1,44,000. அச்சில் 1,71,000. இதையெல்லாம் வழிகாட்டியாக மட்டும் எடுத்துக்கொள்ளுங்கள் என்று நீதிமன்றம் சொன்னது. அட்டவணை அப்படியே பல வருடம் கிடந்தது. எங்கள் அலுவலகத்தில் இப்படி ஒரு பிழையோடு எதையாவது வெளியிட்டால் அன்று ராத்திரி தூங்க முடியாது.

அந்த அட்டவணையின் அடியில் ஒரு குறிப்பும் இருந்தது. சம்பாதிக்காதவருக்கு ஆண்டுக்கு 15,000 ரூபாய் என்று வைத்துக்கொள்ளலாம். சம்பாதிக்காத மனைவி என்றால் கணவர் வருமானத்தில் மூன்றில் ஒரு பங்கு. பூஜ்ஜியத்தைவிட மேல்தான். ஆனால் சித்தப்பா வருமானம் என்று காட்டிய சீட்டுகளில் பாதிக்கு மேல் சித்தி பறித்த பூ. அவள் உழைப்பை அவர் பெயரில் எழுதி, அதில் மூன்றில் ஒன்றை அவளுக்குத் திருப்பிக் கொடுப்பது என்ன கணக்கு?

கணக்கு ஓரளவு சீரானது 2009-இல். டெல்லியில் 1988-இல் ஒரு பேருந்து விபத்தில் 38 வயது விஞ்ஞானி ஒருவர் இறந்திருந்தார். 21 வருடம் கழித்து அந்த வழக்கில் நீதிபதி ஆர்.வி. ரவீந்திரன் எழுதிய தீர்ப்புதான் சரளா வர்மா வழக்கு. அதுவரை ஒரே மாதிரி மரணத்துக்கு ஒரு தீர்ப்பாயம் ஒரு தொகை, அடுத்த தீர்ப்பாயம் வேறு தொகை. அவர் மூன்று படியாக வகுத்தார். ஆண்டு வருமானத்தைக் கண்டுபிடி. இறந்தவர் தனக்காகச் செலவு செய்திருக்கும் பங்கைக் கழி. சார்ந்திருப்பவர் இரண்டு மூன்று பேர் என்றால் மூன்றில் ஒன்று, நான்கு முதல் ஆறு பேர் என்றால் நான்கில் ஒன்று. மிச்சத்தை வயதுக்கான பெருக்கெண்ணால் பெருக்கு. 25 வயது வரை 18, அங்கிருந்து படிப்படியாக இறங்கி 36 முதல் 40 வரை 15, அறுபதை நெருங்கும்போது 9. எதிர்காலத்தில் உயரக்கூடிய வருமானத்துக்கு எவ்வளவு சேர்ப்பது என்பதை 2017-இல் பிரணய் சேதி வழக்கில் ஐந்து நீதிபதிகள் கொண்ட அமர்வு தெளிவாக்கியது. நிரந்தர வேலை இல்லாதவருக்கும், வயது நாற்பதுக்குள் என்றால் 40 சதவீதம்.

நல்ல ஃபார்முலா. யாரும் போட்டுப் பார்க்கலாம். ஆனால் எந்த ஃபார்முலாவும் முதல் கட்டத்தில் என்ன எண் போடுகிறோமோ அதைத்தான் பெருக்கிக் கொடுக்கும்.

*

அந்த முதல் எண்ணுக்காக நடந்த சண்டை தனி வரலாறு. 1989 மார்ச்சில் ஜாம்ஷெட்பூரில் ஒரு கம்பெனி விழாப் பந்தலில் தீப்பிடித்துப் பலர் இறந்தார்கள். பெண்களும் பிள்ளைகளும் அதில் அதிகம். ஓய்வு பெற்ற தலைமை நீதிபதி ஒய்.வி. சந்திரசூட் இழப்பீட்டைக் கணக்கிட்டார். 2001-இல் உச்ச நீதிமன்றம் லதா வாத்வா வழக்கில், சம்பளம் இல்லாத இல்லத்தரசியின் உழைப்புக்கு மாதம் 3,000 ரூபாய் என்று வைத்தது. 2010-இல் இன்னொரு வழக்கில் நீதிபதி ஏ.கே. கங்குலி, 2001 மக்கள்தொகைக் கணக்கெடுப்பு வீட்டு வேலை பார்க்கும் பெண்களைப் பிச்சையெடுப்பவர்கள், சிறைக்கைதிகள் இருக்கும் அதே "வேலை செய்யாதோர்" வகையில் வைத்திருப்பதைக் கண்டித்து எழுதினார்.

கூலித் தொழிலாளிக்கும் இதே பாடுதான். 2014-இல் ஒரு காய்கறி வியாபாரியின் வழக்கில், முறைசாராத் தொழில் செய்கிறவரிடம் வருமானத்துக்கு ஆவணம் கேட்பது சரியில்லை என்று சொல்லி, 2008-இல் நடந்த விபத்துக்கு மாதம் 6,500 என்று உச்ச நீதிமன்றம் கணக்கிட்டது. பூக்கொல்லைக்காரர்களுக்கும் இது பொருந்தும்.

எங்கள் வழக்கில் இதில் பாதி வரவில்லை. குமாஸ்தா என் தாளைப் பார்த்துவிட்டு, "பூஜ்ஜியம்னு போடாதீங்க தம்பி, மூவாயிரமாவது போடுவோம், சுப்ரீம் கோர்ட் தீர்ப்பு இருக்கு" என்றார். தொழில் கட்டத்தில் நான் அடித்த "வீட்டு வேலை" அப்படியே மனுவுக்குப் போனது. குறுக்கு விசாரணையில் காப்பீட்டுக் கம்பெனி வக்கீல் சித்தப்பாவிடம் கேட்டாராம்: "பூ வித்த பணம் யார் பேர்ல வரும்?" "என் பேர்லதாங்க." "உங்க மனைவிக்குத் தனியா வருமானம் இருந்ததுன்னு காட்ட ஏதாவது இருக்கா?" "இல்லைங்க." அவ்வளவுதான். பொய் ஒன்றும் இல்லை.

2016-இல் தீர்ப்பு வந்தது. தீர்ப்பாயம் எங்களைவிடத் தாராளமாக மாதம் 4,500 என்று வைத்தது. ஆண்டுக்கு 54,000. மூன்று பேர் சார்ந்தவர்கள் என்பதால் மூன்றில் ஒன்று போக 36,000. பெருக்கெண் 15. ஆக 5,40,000. மற்ற தலைப்புகளோடு 6,65,000. மனு போட்ட நாளிலிருந்து ஏழரை சதவீத வட்டி.

நான் மறுபடி எக்செல்லைத் திறந்தேன். சொந்தக் கொல்லையில் பறிப்பு, வெளிக் கூலி, பூக்கட்டு, பால் எல்லாவற்றையும் சித்தப்பாவிடமும் அக்கம்பக்கத்திலும் கேட்டுக் குறைத்தே போட்டாலும் மாதம் 8,000 வந்தது. 96,000-இல் மூன்றில் ஒன்று போனால் 64,000. எதிர்காலத்துக்கு 40 சதவீதம் சேர்த்தால் 89,600. பதினைந்தால் பெருக்கினால் 13,44,000. அதில் சமையலும் பிள்ளை வளர்ப்பும் அப்பத்தாவைப் பார்த்துக்கொண்டதும் சேரவில்லை. இந்தக் கணக்கை நான் 2012-இல் போட்டிருக்க வேண்டும்.

சார்ந்தவர்கள் மூன்று பேர் என்றேன். சித்தப்பா, இரண்டு பிள்ளைகள். அப்பத்தா பட்டியலில் இல்லை. "மாமியார் வாரிசுச் சான்றிதழ்ல வரமாட்டாங்க" என்று ஆரம்பத்திலேயே சொல்லிவிட்டார்கள். அப்பத்தாவுக்குக் கண் மங்கி, சித்தி கைபிடித்துக் கொல்லைக்குக் கூட்டிப்போகிற காலம் அது. தீர்ப்பு வந்த அன்று நான் கணக்கை விளக்கிக்கொண்டிருந்தபோது அது கேட்டது: "ஏம்ப்பா, அவ போனதுல எனக்கு நட்டமில்லைன்னா எழுதியிருக்கான்?"

பதில் சொல்லத் தெரியவில்லை.

*

கம்பெனி மதுரை உயர் நீதிமன்றக் கிளைக்கு மேல்முறையீடு போனது. ஆவணம் இல்லாத இல்லத்தரசிக்கு 4,500 அதிகம் என்பது அவர்கள் வாதம். அது நிலுவையில் கிடக்கும்போது 2018 நவம்பர் 16 விடியற்காலை கஜா புயல் வந்தது. எங்கள் பக்கத்தில் நிமிர்ந்து நின்ற தென்னையைத் தேடிப் பார்க்க வேண்டியிருந்தது. பலா வேரோடு சாய்ந்தது. சித்தப்பாவின் அறுபது தென்னையில் மிச்சம் ஏழு. விழுந்த மரத்தை அறுத்து அப்புறப்படுத்தவே காசு வேண்டும். மூன்று மாதத்தில் மக்கள் நீதிமன்றத்தில் சமரசம் பேசினார்கள். வட்டியோடு கணக்குப் பார்த்தால் பத்து லட்சத்தைத் தாண்டும். ஏழு லட்சத்துக்கு முடிப்போம் என்றார்கள். "இழுத்தா இன்னும் எத்தனை வருசமோ" என்று சொல்லி சித்தப்பா கையெழுத்துப் போட்டார். அவரை நான் தடுக்கவில்லை. தடுக்க எனக்கு என்ன தகுதி?

அரசுப் பேருந்து மோதியிருந்தால் வேறு மாதிரி. தமிழ்நாட்டில் அரசுப் போக்குவரத்துக் கழகங்கள் வெளியே காப்பீடு எடுக்காமல் தாங்களே இழப்பீட்டைக் கொடுக்க சட்டம் இடம் தருகிறது. கொடுக்கத் தாமதமானால் குடும்பம் நிறைவேற்று மனு போடும். கோர்ட் அமீனா பஸ் ஸ்டாண்டுக்கு வந்து, பயணிகளை இறக்கிவிட்டு, பேருந்தை ஜப்தி செய்து கோர்ட் வளாகத்தில் கொண்டுபோய் நிறுத்துவார். "இழப்பீடு வழங்காத அரசு பஸ் ஜப்தி" என்ற செய்தியை நாம் மாதம் ஒருமுறையாவது வாசிக்கிறோம். அந்தப் படங்களைப் பார்க்கும்போது எனக்கு டியோடண்ட் ஞாபகம் வரும். இந்தத் தடவை வண்டியின் மதிப்பு அரசுக்குப் போகவில்லை, அரசிடமிருந்து குடும்பத்துக்கு வர வேண்டியிருக்கிறது. அந்த மட்டில் முன்னேற்றம்தான்.

2020-இல் அப்பத்தா போய்ச் சேர்ந்தது. 2021 ஜனவரியில் கீர்த்தி வழக்கில் நீதிபதி ரமணா ஒரு தீர்ப்பு எழுதினார். 2019-ஆம் ஆண்டு நேரப் பயன்பாட்டு ஆய்வின்படி, சம்பளமில்லாத வீட்டு வேலையில் இந்தியப் பெண் ஒரு நாளைக்குச் செலவிடுவது சராசரியாக 299 நிமிடம், ஆண் 97 நிமிடம் என்று அதில் எடுத்துக் காட்டியிருந்தார். இல்லத்தரசிக்கு வருமானம் கணிப்பது தயவு இல்லை, அவர் உழைப்புக்கான அங்கீகாரம் என்பது அதன் சாரம். எதிர்கால உயர்வையும் சேர்க்கலாம் என்றது அமர்வு. அதே ஆண்டு அக்டோபரில் ஜெயஸ்ரீ என்ற பெயரில் அறியப்படும் வழக்கில், இறந்த மருமகனோடு ஒரே வீட்டில் வாழ்ந்து அவரைச் சார்ந்திருந்த மாமியாரும் இழப்பீடு கேட்கலாம் என்று உச்ச நீதிமன்றம் சொன்னது. அதை நான் அலுவலகத்தில் மதியச் சாப்பாட்டு நேரத்தில் கைபேசியில் படித்தேன். அப்பத்தாவின் கேள்விக்குப் பதில் ஐந்து வருடம் தாமதமாக வந்திருந்தது. சொல்லத்தான் ஆள் இல்லை.

*

2022-இல் இந்தியச் சாலைகளில் 1,68,491 பேர் இறந்தார்கள். தமிழ்நாட்டில் மட்டும் 17,884 பேர். நாளைக்குச் சராசரியாக 49. ஒவ்வொரு வீட்டிலும் யாரோ ஒருவர் உட்கார்ந்து அந்தக் கட்டத்தை நிரப்பியிருப்பார்கள். அதனால் சிலவற்றைச் சொல்லிவிடுகிறேன்.

2019 திருத்தத்தின் இழப்பீட்டுப் பகுதி 2022 ஏப்ரல் முதல் அமலில் இருக்கிறது. குற்றத்தை நிரூபிக்காமல் கேட்டால் மரணத்துக்கு 5 லட்சம். மோதிவிட்டு நிற்காமல் போன வண்டியால் மரணம் என்றால் 2 லட்சம். முன்பு அது 25,000 ஆக இருந்தது. முழு வழக்குக்குப் போவதென்றால் விபத்து நடந்து ஆறு மாதத்துக்குள் மனு போட வேண்டும். இந்தக் கெடுவின் கதையே விசித்திரம். 1956-இல் அறுபது நாள், 1969-இல் ஆறு மாதம், 1994-இல் கெடுவே இல்லை, இப்போது மறுபடி ஆறு மாதம். இதை எதிர்த்த வழக்குகள் உச்ச நீதிமன்றம் வரை போயிருக்கின்றன. ஆனால் அதை நம்பிக் காத்திருக்க வேண்டாம். கருமாதி முடிந்த கையோடு வக்கீலைப் பாருங்கள்.

தொழில் கேட்டால், அவர் விடிந்ததிலிருந்து படுக்கும் வரை என்னென்ன செய்தார் என்று எழுதுங்கள். சீட்டு இல்லையென்றால் கமிஷன் கடைக்காரரை, பக்கத்துக் கொல்லைக்காரரை, பூ வாங்கிய கடைக்காரரைச் சாட்சியாகக் கூப்பிடுங்கள். வீட்டில் அவரை நம்பி இருந்த எல்லோர் பெயரையும் சொல்லுங்கள். தெரியாத இடத்தைத் தெரியாது என்றே விடுங்கள். பூஜ்ஜியம் போடாதீர்கள்.

சித்தி மகளுக்கு இப்போது இருபத்துநான்கு வயது. பி.காம். முடித்துவிட்டுக் கொல்லையை அவள்தான் பார்க்கிறாள். கஜாவுக்குப் பிறகு வைத்த தென்னை காய்க்கத் தொடங்கியிருக்கிறது, ஊடே மல்லிகை. போன சித்திரையில் ஊருக்குப் போனபோது அவளோடு விடியற்காலையில் கமிஷன் கடைக்குப் போனேன். எடை போட்டு, வழக்கம்போல் சித்தப்பா பெயரில் சீட்டு எழுதப் போனார்கள். தங்கச்சி பெயரில் எழுதச் சொன்னேன்.

"எதுக்குண்ணே? அப்பா பேர்ல இருந்தா என்ன?" என்றாள்.

"கணக்குக்கு," என்றேன்.

அவள் ஒருமுறை என் முகத்தைப் பார்த்தாள். பிறகு ஒன்றும் கேட்காமல் சீட்டை வாங்கி மடித்துப் பையில் வைத்துக்கொண்டாள்.